பழங்குடியினர் சான்றின் மெய்த்தன்மை விசாரணைக்கு அறிவிப்பு வந்தால் என்ன செய்வது?

அப்பாவுக்கு 1987ல் வட்டாட்சியர் கொடுத்த கொண்டாரெட்டி என்ற பழங்குடிச் சான்று இருக்கிறது, ஓய்வு நெருங்கும் நேரத்தில் சான்றுகளின் மெய்த்தன்மையை விசாரிக்கும் மாநிலக் கூர்நோக்குக் குழு அறிவிப்பு அனுப்பியிருக்கிறது, சான்று செல்லுமா என்று கேட்டிருக்கிறீர்கள்.

வட்டாட்சியர் கொடுத்தார் என்ற ஒரே காரணத்துக்காகச் செல்லாமல் போகாது. தமிழ்நாட்டில் பழங்குடியினர் சான்று கொடுக்கும் அதிகாரம் 11.11.1989 முதல்தான் கோட்டாட்சியருக்குப் போனது. அதற்கு முந்தைய வட்டாட்சியர் சான்றுகள் செல்லும் என்று 1997லேயே, சென்னைத் துறைமுக ஊழியர் ஒருவரின் வழக்கில், உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. ஆனால் மெய்த்தன்மையை விசாரிக்க அது தடையில்லை. மெய்ப்பிக்க வேண்டிய பொறுப்பும் சான்று வைத்திருப்பவருடையதுதான்.

விசாரணை நடக்க வேண்டிய முறையை 1994ல் மாதுரி பாட்டீல் வழக்கில் உச்ச நீதிமன்றம் வகுத்தது. குழுவுக்காகக் களவிசாரணை செய்யும் விஜிலென்ஸ் பிரிவுக் காவல் அதிகாரி பூர்வீக ஊருக்கும் படித்த பள்ளிக்கும் போய் விசாரித்து அறிக்கை கொடுப்பார். அது பாதகமாக இருந்தால் நகலோடு விளக்கம் கேட்டு அறிவிப்பு வரவேண்டும். பதிலுக்கு இரண்டு வாரம், கேட்டால் அதிகபட்சம் 30 நாள். அறிக்கை நகல் இல்லாமல் அறிவிப்பு மட்டும் வந்திருந்தால் முதல் வேலையாக எழுத்து மூலம் நகல் கேளுங்கள், ஒப்புகை அட்டையோடு பதிவுத் தபாலில். பின்னால் ரிட் மனு போட நேர்ந்தால் அந்த ஒப்புகை அட்டைக்கு நல்ல மதிப்பு உண்டு.

பலர் கோட்டை விடுவது பதிலில்தான். "அறிக்கை தவறு, மறுக்கிறேன்" என்று ஒரு பக்கம் எழுதிக் கொடுத்துவிடுகிறார்கள். பத்தி பத்தியாகப் பதில் சொல்லி, ஒவ்வொன்றுக்கும் ஓர் ஆவணம் காட்ட வேண்டும். ஆவணத்தில் பழையதற்கே எடை: தாத்தாவின் பள்ளிச் சேர்க்கைப் பதிவேடு, பிறப்பு இறப்புப் பதிவு, பழைய கிரயப் பத்திரம். சுதந்திரத்துக்கு முந்தைய ஆவணங்களுக்குச் சான்று மதிப்பு அதிகம் என்று 2011ல் ஆனந்த் வழக்கில் தீர்ப்பு இருக்கிறது. சிக்கல் என்னவென்றால், பழைய பதிவேட்டில் வெறும் 'ரெட்டி' என்று இருக்கும், அது பழங்குடி அல்லாத சாதியின் பெயரும்கூட. அதை மறைக்கப் பார்க்காதீர்கள். விஜிலென்ஸ் அந்தப் பக்கத்தை எப்படியும் எடுத்துவிடும். அப்பா வழி ரத்த உறவு யாருக்காவது குழு முறையாக விசாரித்து மெய் என்று ஆணை கொடுத்திருந்தால் அதையும் வம்சாவளிப் பட்டியலையும் சேர்த்துக் கொடுங்கள், அதுதான் இருப்பதிலேயே வலுவானது.

குலதெய்வம், கல்யாணச் சடங்கு, சாவுச் சடங்கு என்று பழங்குடிப் பழக்கவழக்கங்களைப் பற்றி விசாரணையில் மானிடவியலாளர் கேட்பார். நகரத்திலேயே வளர்ந்தவர் இதில் தடுமாறுவது இயல்பு. இந்தச் சோதனை மட்டுமே முடிவைத் தீர்மானிக்காது என்று 2023ல் மகாராஷ்டிர ஆதிவாசி தாக்கூர் வழக்கில் உச்ச நீதிமன்றத்தின் மூன்று நீதிபதிகள் தெளிவாக்கினார்கள். பதிலில் இதைக் குறிப்பிடுங்கள். மனப்பாடம் செய்து ஒப்பிப்பது மட்டும் வேண்டாம், அது உடனே தெரிந்துவிடும்.

கொண்டாரெட்டிக்குப் பழங்குடியினர் பட்டியலில் மாவட்ட வரம்பு இல்லை, அந்த அளவில் நிம்மதி. பர்கூர், கடம்பூர் மலைகளில் வாழும் மலையாளி என்ற பழங்குடியினரைப் பாருங்கள் (கேரளத்து மலையாளிகள் அல்ல): பட்டியலில் இவர்களுக்குச் சேலம், தர்மபுரி உண்டு, பழைய கோயம்புத்தூர் மாவட்டம் இல்லை. அதனால் அதிலிருந்து பிரிந்த ஈரோட்டில் இருப்பவர்களுக்குச் சான்று கிடைப்பதில்லை. இதை நீதிமன்றமும் திருத்த முடியாது. பட்டியலில் ஒரு சொல்லைக்கூட நாடாளுமன்றம்தான் மாற்ற முடியும் என்பது உச்ச நீதிமன்றத்தின் 2000ஆம் ஆண்டு மிலிந்த் தீர்ப்பு. நரிக்குறவர்கள் சேர்ந்ததும் 2022 டிசம்பரில் நாடாளுமன்றம் மசோதாவை நிறைவேற்றியதால்தான்.

இதே சான்றை ஏற்கெனவே ஒருமுறை குழு விசாரித்து ஏற்றிருந்தால் சொல்லுங்கள். மோசடியோ, முறையான விசாரணை இல்லாமையோ இருந்தால் ஒழிய மறுபடி திறக்கக் கூடாது என்று 2021ல் ஒரு தமிழ்நாட்டு வழக்கிலேயே உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது.

ஆணை பாதகமாக வந்தால் சிவில் வழக்குக்கு இடமில்லை, உயர் நீதிமன்றத்தில் அரசியலமைப்பின் 226ஆம் பிரிவின் கீழ் ரிட் மனுதான். அங்கே சாட்சியத்தைப் புதிதாக எடைபோட மாட்டார்கள். குழு முறைப்படி நடந்ததா, கொடுத்த ஆவணத்தைப் பரிசீலித்ததா என்றுதான் பார்ப்பார்கள். ஆகவே கையில் உள்ள எல்லாவற்றையும் குழு முன்பே தாக்கல் செய்து, பக்க எண் போட்ட பட்டியலில் முத்திரையோடு ஒப்புகை வாங்கி வைத்துக்கொள்ளுங்கள்.