பயப்படுகிற மாதிரி நடிக்காதீர்கள்: கேள்வி பதில்

வேலூர் சத்துவாச்சாரியில் குறும்பட நடிகர்களுக்குப் பயிற்சி தரும் நாடகக்காரர், அறிவியல் திகில் படங்களில் நடிப்பு பற்றிய கேள்விகளுக்குப் பதில் சொல்கிறார்.

காட்பாடி வாசகர்: சார், எங்கள் குறும்படத்தில் வேற்றுக்கிரக ஜந்து வருகிறது. கிராஃபிக்ஸுக்குக் காசு இல்லை. பயம் வருமா?

தாராளமாக வரும். ஜந்து எப்படி இருக்கும் என்று பார்ப்பவருக்குத் தெரியாது. மனுஷன் எப்படி இருப்பான் என்று நன்றாகத் தெரியும். அதனால் அவர் நம்புவது நடிகரின் முகத்தைத்தான்.

1979இல் வந்த ‘ஏலியன்’ படத்தில் நடிகர் ஜான் ஹர்ட்டின் மார்பைப் பிளந்துகொண்டு வேற்றுக்கிரக ஜந்துவின் குட்டி வெளியே வரும். அதற்கு முன்னால் என்ன நடக்கிறது? விண்கப்பல் ஆட்கள் சாப்பிடுகிறார்கள், சிரிக்கிறார்கள். ஹர்ட் இருமும்போதுகூடப் புரையேறியதாகத்தான் தோன்றுகிறது. குட்டி வரும் என்று நடிகர்களுக்குத் தெரியும். ரத்தம் எவ்வளவு பீய்ச்சியடிக்கும் என்று தெரியாது. கூட நடித்த வெரோனிகா கார்ட்ரைட்டின் மேல் அடித்ததும் அவர் பதறுவது நிஜப் பதற்றம். இதைப் படித்துவிட்டு உங்கள் நடிகர் தலையில் சொல்லாமல் எதையும் ஊற்றிவிடாதீர்கள்! நீங்கள் எடுத்துக்கொள்ள வேண்டியது அதற்கு முன்னால் வரும் அந்தச் சாதாரணச் சாப்பாட்டுக் காட்சியை.

குடியாத்தம் வாசகர்: அண்ணா, பயத்தைக் காட்டச் சொன்னால் எங்கள் ஆள் கண்ணை உருட்டுகிறார்.

கையில் ஒரு வேலை கொடுங்கள். டார்ச்சுக்கு பேட்டரி மாற்றட்டும். நடுக்கத்தை மறைக்கப் பார்க்கட்டும், முடியாமல் போகட்டும்.

ஆரணி வாசகர்: ஆளே பூச்சியாக மாறுகிற கதை என்றால் மேக்கப்தானே முக்கியம்?

1986இல் வந்த ‘தி ஃபிளை’ மேக்கப்புக்கு ஆஸ்கர் வாங்கியது. சரி, ஆனால் எனக்கு வயிற்றைக் கலக்கியது மேக்கப் வருவதற்கு முன்பே. ஈயாக மாறுகிறவராக நடித்த ஜெஃப் கோல்ட்பிளம் காபியில் ஸ்பூன் ஸ்பூனாகச் சர்க்கரையைப் போட்டுக்கொண்டே மூச்சுவிடாமல் பேசுவார். அப்புறம் காது கழன்று விழுந்தபோதும் காதலியாக வரும் ஜீனா டேவிஸ் அவரைக் கட்டிக்கொள்வார். அருவருப்பும் பாசமும் ஒரே முகத்தில்! அந்தப் பாசம் இல்லையென்றால் அது வெறும் பூச்சிப் படம்.

செய்யாறு வாசகர்: தெருக்கூத்தில் கட்டைகட்டி, அதாவது மரத்தாலான அணிகளைக் கட்டி, ஆடுகிறவன் நான். அது இதற்கு உதவுமா?

உதவும். கூத்தில் வேஷக்காரர் துணித்திரைக்குப் பின்னாலிருந்தே பாடுவார், சலங்கை கேட்கும், முகம் கடைசியில்தான். உங்கள் ஜந்துவையும் அப்படியே கொண்டுவாருங்கள். குரலை மட்டும் குறையுங்கள், கேமரா உங்கள் மூக்கருகே நிற்கிறது.

ஆற்காடு வாசகர்: கூட்டத்தில் ஒருவர் மனிதரே இல்லை. அவர் எப்படி நடிக்க வேண்டும்?

மனிதராகவே. திருட்டு முழி வேண்டாம். 1982இல் வந்த ‘தி திங்’ படத்தில், மனித உருவில் ஒளிந்திருக்கும் ஜந்து யார் என்று கண்டுபிடிக்க, சூடான கம்பியை ஒவ்வொருவர் ரத்தத்திலும் வைத்துச் சோதிப்பார்கள். மாட்டுகிற ஆள் அந்த நொடிவரை மற்றவர்களைப் போலத்தான் உட்கார்ந்திருப்பார். சந்தேகப்படுகிற வேலையைச் சுற்றியிருப்பவர்களிடம் விட்டுவிடுங்கள்.