வான்வழி ஒளிப்படங்களில் நிலவியல்: வாசகர் கேள்விகளுக்குப் பதில்கள்

இம்முறை வந்த கடிதங்களில் ஏறக்குறைய பாதியில் படத்தின் அளவையோ (படத்திலுள்ள தூரத்துக்கும் தரையிலுள்ள தூரத்துக்கும் உள்ள விகிதம்), பறப்பு உயரமோ, படம் எடுத்த தேதியோ குறிப்பிடப்படவில்லை. அவை இல்லாமல், கைபேசியில் ஓரம் வெட்டி அனுப்பிய ஒரு துண்டைப் பார்த்து “இது என்ன பாறை?” என்று கேட்டால் விடை சொல்ல எவராலும் முடியாது. அப்படிப்பட்ட கடிதங்களை ஒதுக்கிவிட்டேன்.

கேள்வி: கேமராவின் குவியத் தூரம் 15 செ.மீ.; விமானம் கடல்மட்டத்திலிருந்து 6,000 மீட்டர் உயரத்தில் பறந்தது. அப்படியானால் படத்தின் அளவை 1:40,000 தானே?

இல்லை. கணக்கில் வர வேண்டியது தரைக்கும் விமானத்துக்கும் இடைப்பட்ட உயரம். உங்கள் பகுதியின் தரை சுமார் 1,000 மீட்டர் உயரத்தில் இருப்பதாக நீங்களே எழுதியிருக்கிறீர்கள். மீதி 5,000 மீட்டர். எனவே அளவை ஏறத்தாழ 1:33,000. அதுவும் சராசரிதான். ஒரே படத்துக்குள் குன்றின் உச்சியில் ஓர் அளவை, பள்ளத்தாக்கின் அடியில் ஓர் அளவை என்று மாறும்.

கேள்வி: ஸ்டீரியோஸ்கோப்பில் பார்க்கும்போது ஆறுகள் எல்லாம் மேடுகளின் முதுகில் ஓடுவதுபோல் தெரிகின்றன. கருவியில் கோளாறா?

ஸ்டீரியோஸ்கோப் என்பது ஒரே நிலத்தின் இரு படங்களைக் கண்ணுக்கு ஒன்றாகக் காட்டி மேடுபள்ளத்தைத் தெரியச் செய்யும் கருவி. அதில் கோளாறு ஒன்றுமில்லை. இடப்பக்கப் படத்தை வலப்பக்கம் வைத்திருக்கிறீர்கள், மாற்றி வையுங்கள். தனிப் படத்தைப் பார்க்கும்போதும் பள்ளம் மேடாகத் தெரிந்தால், நிழல்கள் உங்களை நோக்கி விழும்படி படத்தைத் திருப்பிக்கொள்ளுங்கள்.

கேள்வி: படத்தில் பாறை அடுக்குகளின் சாய்வு 50 டிகிரி அளவுக்குச் செங்குத்தாகத் தெரிந்தது. களத்தில் அளந்தால் 20 டிகிரிதான் வருகிறது. எதை நம்புவது?

களத்தில் அளந்ததை. 60 சதவீத மேற்பொருந்தலுடன் (அடுத்தடுத்த படங்களில் அந்த அளவுக்கு ஒரே நிலம் வரும்படி) எடுத்த படங்களை ஸ்டீரியோஸ்கோப்பில் பார்க்கும்போது உயரம் மூன்று, நான்கு மடங்கு மிகைப்பட்டுத் தெரிவது வழக்கம். மூன்று மடங்கு என்று வைத்துக்கொண்டாலும் 10 டிகிரிச் சாய்வு 30 டிகிரியை நெருங்கியும், 20 டிகிரிச் சாய்வு 50 டிகிரியை நெருங்கியும் தோன்றும். ஏறக்குறைய கிடையாக உள்ள அடுக்குகளில் மிகச் சிறிய சாய்வையும் கண்டுகொள்ள இந்த மிகை பேருதவி செய்கிறது என்பதால், அதைக் குறையாகச் சொல்ல மாட்டேன். ஆனால் கண்ணால் மதிப்பிட்ட டிகிரியை நேரே நிலவியல் வரைபடத்தில் எழுதிவிடாதீர்கள். அளந்த சாய்வுக்கும் மதிப்பிட்ட சாய்வுக்கும் வெவ்வேறு குறிகள் இருக்க வேண்டும்.

கேள்வி: வெளிர் சாம்பல் என்றால் சுண்ணாம்புப்பாறை, கருஞ்சாம்பல் என்றால் பசால்ட் என்று எடுத்துக்கொள்ளலாமா?

கூடாது. மண்ணின் ஈரம், தாவரம், சூரியனின் உயரம், அச்சிட்ட விதம் ஆகிய அனைத்தும் சாம்பல்நிறத்தை மாற்றும். அசையாத நீர்ப்பரப்புகூடச் சூரிய ஒளியைத் திருப்பி அனுப்பும் கோணத்தில் அமைந்தால் வெள்ளையாகத் தெரியும். வடிகாலமைப்பு, மேற்பரப்பின் இழையமைப்பு, விரிசல்களின் ஒழுங்கு, உறிஞ்சு துளைகள் (பாறை கரைந்து உண்டான குழிகள்) ஆகியவற்றைச் சேர்த்துப் பார்த்து முடிவு செய்யுங்கள். பிறகு களத்தில் சரிபாருங்கள்.

கேள்வி: 60 சதுர கிலோமீட்டர் பரப்பில் 140 லினியமென்ட்களை (படத்தில் நேராகத் தெரியும் கோடுகளை) வரைந்து, அவற்றின் திசைகளைக் காட்டும் ரோஸ் வரைபடமும் (வட்ட வரைபடம்) தயாரித்துள்ளேன். இவற்றுள் பிளவுப்பெயர்ச்சிகள் (பாறை உடைந்து இருபுறமும் நகர்ந்த இடங்கள்) எவை? இவை ஒன்றையொன்று வெட்டும் இடங்களில் ஆழ்துளைக் கிணறு தோண்டப் பரிந்துரைக்கலாமா?

பல ஆண்டுகளாக நான் மல்லுக்கட்டி வரும் பழக்கத்தை இக்கடிதம் அப்படியே காட்டுகிறது. படத்தில் நேராகத் தெரிவதையெல்லாம் கோடாக இழுப்பது, இழுத்த கோட்டைப் பிளவுப்பெயர்ச்சி என்று அழைப்பது, அதன்மேல் புள்ளிவிவரம் எழுப்புவது.

உங்கள் தாளையே எடுத்துக்கொள்வோம். வடகிழக்கு மூலையில் சம இடைவெளியில் இணையாகச் சென்று, சாலையைத் தொட்டதும் நின்றுவிடும் நான்கு கோடுகள் வேலிகள். தெற்கே குன்றையும் ஓடையையும் சிறிதும் பொருட்படுத்தாமல் வளையாமல் செல்லும் நீண்ட கோடு மின்கம்பிப் பாதை. நடுவிலுள்ள மெல்லிய கோடு, நீங்கள் இணைத்துள்ள அடுத்த படத்தில், அதே நிலத்தில், இல்லவே இல்லை; அது பிலிமில் விழுந்த கீறல். மேற்பொருந்தும் இரு படங்களையும் ஒப்பிட்டிருந்தால் உங்களுக்கே தெரிந்திருக்கும்.

எஞ்சியவற்றில் பெரும்பாலானவை வடகிழக்கு–தென்மேற்காகச் செல்கின்றன. நிழல்களைப் பார்த்தால் படம் எடுக்கும்போது சூரியன் தென்கிழக்கில் இருந்திருக்கிறது. ஒளிக்குக் குறுக்காக அமைந்த சரிவுகள் நிழலால் எடுப்பாகத் தெரியும். ஒளியின் திசையிலேயே அமைந்தவை மறைந்துபோகும். ஆகவே உங்கள் ரோஸ் வரைபடம் பாறையின் விரிசல்களைக் காட்டிலும் அன்றைய வெயிலின் திசையைத்தான் அதிகம் காட்டுகிறது என்று சந்தேகிக்க வேண்டியிருக்கிறது.

பிளவுப்பெயர்ச்சி என்று சொல்வதற்குப் பெயர்ச்சி தெரிய வேண்டும். அடையாளம் காணத்தக்க ஓர் அடுக்கு அறுபட்டு விலகியிருக்க வேண்டும்; அல்லது அடுக்குகளின் வரிசையில் ஒன்று திரும்ப வரவோ விடுபடவோ வேண்டும். முக்கோண முகப்புகளும் (பிளவால் அறுபட்ட மலைக்கால்களின் முனைகள்), பல ஓடைகள் ஒரே பக்கமாக ஒடிந்து திரும்புவதும், ஊற்றுகள் வரிசையாக அமைவதும் துணைச் சான்றுகள். இவற்றுள் எதுவுமில்லாத கோடு விரிசலாகவோ, டைக்காகவோ (விரிசலில் பாறைக்குழம்பு புகுந்து உறைந்த சுவர்), இருவகைப் பாறைகளின் எல்லையாகவோ இருக்கலாம். இன்னொன்றையும் நேர்க்கோட்டு மோகம் மறைத்துவிடுகிறது: மேடுபள்ளங்களைத் தாண்டி ஒரு கோடு நேராகச் சென்றால் அதன் தளம் ஏறக்குறைய செங்குத்தானது என்றுதான் பொருள். சாய்வு குறைந்த உந்துப்பிளவு (ஒருபுறப் பாறை மறுபுறத்தின் மேல் தள்ளப்பட்ட பிளவு) குன்றுகளைச் சுற்றி வளைந்து நெளிந்துதான் செல்லும். அந்தப் பகுதியின் மிகப் பெரிய பிளவே அதுவாக இருந்தாலும் உங்கள் முறையில் அது வரைபடத்துக்கு வராது.

கிணறு விஷயத்தில், களிமண் நிரம்பி அடைபட்ட பிளவில் நீர் ஓடாது. களத்தில் சரிபார்க்காமல், மின்தடை அளவீடும் செய்யாமல், யாருக்கும் எந்த இடத்தையும் பரிந்துரைக்காதீர்கள்.

கேள்வி: பள்ளத்தாக்கைக் கடக்கும் அடுக்கு ‘வி’ வடிவில் வளைந்தால் அதன் முனை சாய்வின் திசையைத்தான் காட்டுமா?

பெரும்பாலும் ஆம். முனை ஆற்றின் கீழ்ப்போக்கை நோக்கினால் அடுக்கும் கீழ்ப்போக்காகவும், மேல்நோக்கினால் மேற்போக்காகவும் சாய்ந்திருக்கும். செங்குத்து அடுக்கு வளையாது. ஒரு விலக்கு உண்டு: அடுக்கு கீழ்ப்போக்காகச் சாய்ந்தும் அச்சாய்வு ஆற்றுப்படுகையின் சரிவைவிடக் குறைவாக இருந்தால், முனை மேல்நோக்கியே இருக்கும்.

கேள்வி: அடுத்தடுத்த படங்களிலிருந்து வரைந்த தாள்களை ஒட்டினால் மலைமுகடுகள் பொருந்தவில்லை.

பொருந்தாது. உயரமான இடங்கள் படத்தின் மையத்திலிருந்து வெளிநோக்கி விலகிப் பதிவாகும். விமானம் அடிவாரத்துக்கு மேல் 4,000 மீட்டர் உயரத்தில் பறந்து, அடிவாரத்தைவிட 200 மீட்டர் உயர்ந்த முகடு மையத்திலிருந்து 8 செ.மீ. தள்ளிப் பதிவாகியிருந்தால், விலகல் 4 மி.மீ.; 15 செ.மீ. குவியத் தூர லென்ஸுக்கு அது தரையில் 100 மீட்டருக்குச் சற்று மேல். ஒவ்வொரு படத்திலும் நடுப்பகுதியை மட்டும் வரையுங்கள். இறுதி வரைபடத்தை ஆர்த்தோ படத்துக்கு (இந்த விலகல்களைத் திருத்திய படம்) மாற்றுங்கள்.

கேள்வி: ட்ரோன் வந்துவிட்ட பிறகு பழைய கறுப்பு–வெள்ளைப் படங்களால் என்ன பயன்?

ஒரு நிலச்சரிவின் பிறைவடிவ மேல்விளிம்பையும், முண்டும் முடிச்சுமான அடிப்பகுதியையும் சென்டிமீட்டர் கணக்கில் அளக்க ட்ரோனுக்கு நிகரில்லை. ஆனால் பல கிலோமீட்டர் அகலமுள்ள ஒரு பாறையடுக்கு மடிப்பு ட்ரோன் படத்தில் எந்தச் சட்டத்துக்குள்ளும் அடங்காது, 23 செ.மீ. சதுரப் படம் ஒன்றில் ஒரே பார்வையில் அகப்படும். மேலும், கட்டடங்களும் சமன்செய்த வயல்களும் இன்று மூடிவிட்ட கைவிடப்பட்ட ஆற்றுத் தடங்களும் பழைய ஆற்று வளைவுகளும் 1950களின் படங்களில் இன்னும் தெரிகின்றன. அவற்றின்மேல் நேரே மையால் எழுதாமல், ஒளி ஊடுருவும் தாளை மேலே வைத்து வரையுங்கள்.