இங்கிலீஷ் நாவல்ல வர்ற வியாதி, டாக்டர், பைத்தியம்: கேளுங்க, தெரிஞ்சதைச் சொல்றேன்

22 வருஷமா காலேஜ்ல இங்கிலீஷ் நாவல் நடத்திட்டு இருக்கேன், அம்மா ஸ்டாஃப் நர்ஸா இருந்து ரிட்டயர்ட் ஆனவங்க. அதனால கதைல யாராச்சும் படுக்கைல விழுந்தா மத்தவங்க கண்ணு கலங்குவாங்க, நான் பல்ஸ் பாத்தாங்களா, கஞ்சி குடுத்தது யாருன்னு தேடிட்டு இருப்பேன். கேள்வி நிறைய வந்துச்சு, ஒரே மாதிரி இருந்ததையெல்லாம் ஒண்ணா சேத்துட்டேன். முன்னாடியே சொல்லிடுறேன், நான் டாக்டர் இல்ல, ஸ்கேன் ரிப்போர்ட் எல்லாம் அனுப்பாதீங்க.

கேள்வி: அக்கா, பழைய நாவல்ல ஹீரோயின் ஒரு கெட்ட சேதி கேட்டதும் மயங்கி விழுந்து ஆறு வாரம் 'பிரெய்ன் ஃபீவர்'ல கெடக்குறா. நம்ம மூளைக்காய்ச்சலா அது?

பேரு ஒண்ணு, ஆனா சமாச்சாரம் வேற. நம்ம ஊர்ல மூளைக்காய்ச்சல்னா கொசு கடிச்சு வைரஸ் ஏறுற வியாதி, தடுப்பூசி போடுறோமே அது. நாவல்ல வர்றதுக்கு கொசுவும் வேண்டாம் கிருமியும் வேண்டாம், அதிர்ச்சி, துக்கம், ராப்பகலா படிப்பு, இது போதும், உடனே ஜுரம், பிதற்றல், தலைமுடிய ஒட்ட வெட்டிடுவாங்க. அந்தக் காலத்து டாக்டர்களே அப்படித்தான் நம்புனாங்க, அதனால எழுத்தாளர் கதை விட்டார்னு சொல்ல முடியாது. டாக்டர் கைக்கு அடக்கமா சின்ன தெர்மாமீட்டர் வந்ததே 1860கள்லதான், அதுக்கு முன்ன நெத்தியில கை வச்சுப் பாக்கறதுதான்.

எமிலி பிராண்டியோட 'வுதரிங் ஹைட்ஸ்'ல (1847) கேத்தரின் மூணு நாள் ரூமைப் பூட்டிக்கிட்டு சாப்பிடாம கெடந்துட்டு, பல்லால தலகாணிய கிழிச்சு, உள்ள இருக்கிற இறகை ஒண்ணொண்ணா எடுத்து பெட்ஷீட் மேல அடுக்குவா, இது வான்கோழி, இது காட்டு வாத்து, இது புறான்னு பேரு வேற சொல்லிக்கிட்டு. நான் படிச்ச ஜுரப் பிதற்றல்லயே இதுதான் பெஸ்ட்டு.

ஷெர்லாக் ஹோம்ஸ் கதை எழுதின கோனன் டாயில் இருக்காரே, அவரே டாக்டர், இந்த வியாதிய அவர் அளவுக்கு வேலை வாங்கினவங்க யாரும் இல்ல. 'நேவல் ட்ரீட்டி' கதைல ஒரு கவர்மெண்ட் ஆபீசர் ரகசிய ஒப்பந்தத்த தொலைச்சுட்டு 9 வாரத்துக்கு மேல பிரெய்ன் ஃபீவர்ல படுத்துடறார், அவசரத்துல அவர படுக்க வச்ச ரூம்லதான் அந்தக் காகிதமே ஒளிஞ்சிருக்கு, பேஷண்ட் எந்திரிக்காததால திருடனால எடுக்கவும் முடியல. திருடன் யாருன்னு சொல்லமாட்டேன், நீங்களே படிங்க.

கேள்வி: டிபி வந்து சாகுற பொண்ணுங்கள மட்டும் ஏன் தேவதை மாதிரி காட்டுறாங்க? காலரா வந்தவள யாரும் அப்படி எழுதலயே?

காலராவுல வாந்தியும் பேதியும், ஒரே நாள்ல முடிஞ்சிடும், அதுல என்னத்த கவிதை எழுதுறது. சயரோகம் மெதுவா வரும், உடம்பு மெலியும், கன்னம் செவக்கும், கண்ணு பளபளக்கும், சாகுறதுக்கு முன்ன நாலு நல்ல வார்த்தை பேச நேரமும் இருக்கும். ராபர்ட் காக் கிருமிய கண்டுபிடிச்சேன்னு பெர்லின்ல அறிவிச்சது 1882 மார்ச் 24, அதனாலதான் அந்த தேதி உலக காசநோய் தினம். அதுவரைக்கும் இது பரம்பரையா வர்றது, மென்மையான மனசுக்காரங்களுக்கு வர்றதுன்னு ஒரு நெனப்பு.

ஆனா பிராண்டி சகோதரிகள இந்த லிஸ்ட்ல சேக்காதீங்க. 1825ல மூத்த அக்கா ரெண்டு பேரு, மரியாவுக்கு 11 வயசு, எலிசபெத்துக்கு 10, ஹாஸ்டல் ஸ்கூல்லருந்து வீட்டுக்கு வந்து அடுத்தடுத்த மாசம் செத்துப்போனாங்க. அந்த மரியாதான் தங்கச்சி சார்லட் எழுதின 'ஜேன் ஏர்'ல வர்ற ஹெலன் பர்ன்ஸ். அப்புறம் 1848 செப்டம்பர்ல தம்பி பிரான்வெல், டிசம்பர்ல எமிலி, 1849 மே மாசம் ஆன். ஒன்பது மாசத்துக்குள்ள மூணு சாவு. எமிலி கடைசி நாள் வரைக்கும் டாக்டரே வேண்டாம்னுட்டாங்க. 'வுதரிங் ஹைட்ஸ்'ல ஹிண்ட்லியோட பொண்டாட்டி ஃபிரான்சஸ் சாகுற இடத்த எடுத்துப் பாருங்க, நாளைக்கு எந்திரிச்சிடுவேன்னு புருஷன்கிட்ட சொல்லிட்டு இருக்கும்போதே ஒரு இருமல், அவர் தூக்கி நிமித்துறார், கழுத்த கட்டிக்கிறா, மொகம் மாறுது, அவ்வளவுதான். அதுல தேவதையெல்லாம் இல்ல. வீட்டுக்குள்ள சாவ பாத்தவங்க எழுதினது.

கேள்வி: நான் லேப் டெக்னீஷியன் மேடம். டிராகுலால லூசிக்கு நாலு பேரு ரத்தம் குடுக்குறாங்க, கிராஸ் மேட்ச் கிடையாது, ஒண்ணும் கிடையாது. எப்படி பொழைச்சா?

கடைசில பொழைக்கலயே! ஆனா உங்க சந்தேகம் நியாயம். ஆர்தர், சீவர்ட், வான் ஹெல்சிங், குவின்சி, நாலு பேரு. நாவல் வந்தது 1897, லேண்ட்ஸ்டைனர் ரத்த குரூப்ப பத்தி எழுதினது 1901. பிராம் ஸ்டோக்கருக்கு குரூப்னு ஒண்ணு இருக்குன்னே தெரியாது, திடகாத்திரமான ஆம்பளையா இருந்தா போதும்னு எழுதிட்டார். லூசி யார் ரத்தமும் ஏத்துக்கற ஏபி குரூப்னு வச்சுக்கிட்டு நிம்மதியா படிங்க. அவரோட அண்ணன் தம்பில ஒருத்தர், தார்ன்லி ஸ்டோக்கர், டப்ளின்ல பெரிய சர்ஜன். மனநல ஆஸ்பத்திரில இருக்கிற ரென்ஃபீல்டுக்கு மண்டையில துளை போடுற இடம் மட்டும் கரெக்டா இருக்கும், அது அவர்கிட்ட கேட்டு எழுதினது.

கேள்வி: ஷெர்லாக் ஹோம்ஸ் கொகெய்ன் போட்டும் போலீஸ் ஏன் புடிக்கல?

அப்ப அது குத்தமே இல்ல, கடைல கெடைக்கும். 'சைன் ஆஃப் ஃபோர்' வந்தது 1890, ஏழு பர்சென்ட் கரைசல்னு பெருமையா வேற சொல்லிக்குவார். இங்கிலாந்துல அதுக்கு கட்டுப்பாடு வந்தது 1916ல, யுத்த சமயத்துல. சிநேகிதர் வாட்சன் மட்டும்தான் திட்டுவார், அதுவும் டாக்டரா.

கேள்வி: 'ஜேன் ஏர்'ல மாடில அடைச்சு வச்சிருக்கிற பெர்த்தா மேசனுக்கு என்னதான் வியாதி? ஸ்கிசோஃப்ரினியாவா, பைபோலரா, சிஃபிலிசா? நெட்ல ஆளுக்கு ஒண்ணு சொல்றாங்க.

இந்த ஒரு கேள்விய மட்டும் 11 பேரு கேட்டிருக்கீங்க. என் பதில் உங்களுக்குப் புடிக்காது: கண்டுபிடிக்க முடியாது, கண்டுபிடிக்கவும் வேண்டாம். அவளப் பத்தி நமக்குத் தெரிஞ்சதெல்லாம் யார் வாயால வருது? புருஷன் ராச்செஸ்டர் வாயால. ஜமைக்காவுல கட்டினாரு, 30,000 பவுண்டு வரதட்சணை வாங்கினாரு, அப்புறம் இவ பைத்தியம், இவங்கம்மா பைத்தியம், மூணு தலைமுறையா பைத்தியம்னு அவரே சொல்றாரு, டாக்டரும் சொல்லிட்டாராம். அவ வாயால ஒரு வரி கூட நமக்குக் கெடைக்கல. புருஷன் சொல்ற கேஸ் ஹிஸ்டரிய வச்சு எந்த டாக்டராச்சும் பேஷண்ட பாக்காமலே மருந்து எழுதுவாரா?

அத விட்டுட்டு சாவிய பாருங்க. நான் கிளாஸ்ல வருஷா வருஷம் சொல்றது இதுதான், வியாதிக்கு என்ன பேருன்னு தேடாதீங்க, அந்த ரூம் சாவி யார் கைல இருக்குன்னு பாருங்க. ராச்செஸ்டர் மூணாவது மாடில அவள வச்சு காவலுக்கு கிரேஸ் பூல்னு ஒரு அம்மாவ போட்டிருக்காரு. அந்தம்மா ராத்திரில ஜின் குடிச்சிட்டு தூங்குனதும் பெர்த்தா அவ பாக்கெட்லருந்து சாவிய எடுத்துட்டு வெளிய வந்துடுவா. பத்து வருஷமா பைத்தியம்னு சொல்லப்பட்டவ, எப்ப தூங்குறா, எந்தப் பாக்கெட், எந்தக் கதவுன்னு கணக்கா தெரிஞ்சு வச்சிருக்கா. டொமினிக்கா தீவுல பொறந்த ஜீன் ரீஸுக்கு இது உறுத்திருக்கு, 1966ல 'வைட் சர்காசோ சீ'னு அவ பக்கத்துக் கதைய எழுதிட்டாங்க. ரெண்டையும் அடுத்தடுத்து படிங்க.

கேள்வி: நல்லா இருக்கிற பொண்ண பைத்தியம்னு சொல்லி அடைக்கிறது நெஜமாவே நடந்துச்சா, இல்ல கதைக்காகவா?

நடந்துச்சு. ரெண்டு டாக்டர் சர்டிஃபிகேட் குடுத்தா போதும். 1858ல நாவலாசிரியர் புல்வர் லிட்டன் தன்ன பொதுக்கூட்டத்துல நாறடிச்ச பொண்டாட்டி ரோசினாவ அப்படித்தான் உள்ள தள்ளினாரு, பேப்பர்ல சத்தம் போட்டதும் மூணு வாரத்துல விட்டுட்டாங்க. அடுத்த வருஷமே வில்கி காலின்ஸ் 'தி வுமன் இன் வைட்' தொடரா எழுத ஆரம்பிச்சாரு. அதுல சொத்துக்காக ஒருத்திய இன்னொருத்தி பேர்ல அடைச்சு வச்சிருப்பாங்க, நான் அவ இல்லன்னு அவ கத்த கத்த, பாத்தீங்களா பைத்தியம்தான்னு குறிச்சுக்குவாங்க. அவ அக்கா மேரியன் போயி நர்ஸுக்கு காசு குடுத்துத்தான் வெளிய கூட்டிட்டு வருவா, எந்த டாக்டரும் இல்ல, கோர்ட்டும் இல்ல.

கேள்வி: டாக்டர் ஹீரோவா வர்ற நாவல் ஒண்ணு சொல்லுங்க அக்கா, நான் எம்பிபிஎஸ் ஃபைனல் இயர்.

'மிடில்மார்ச்', ஜார்ஜ் எலியட், 1871-72. தடிப் புக்கு, பயப்படாதீங்க, லிட்கேட் வர்ற பகுதிய முதல்ல படிங்க. கதை நடக்கறது 1829லருந்து 1832 வரைக்கும். பாரிஸ்ல படிச்சுட்டு ஸ்டெத்தஸ்கோப்போட சின்ன ஊருக்கு வர்ற டாக்டர், மருந்த நானே வித்து காசு பாக்க மாட்டேன்னு சொல்றார். ஊரே அவர்மேல பாயுது, ஏன்னா அன்னைக்கு அந்த மாதிரி டாக்டருக்கு வருமானமே பாட்டில் கணக்குதான், ஜனங்களும் எத்தனை பாட்டில் குடுத்தாரோ அத்தனை நல்ல வைத்தியம்னு நெனச்சாங்க. (ஊசி போடாத டாக்டர்கிட்ட போகாத ஆளுங்க நம்ம தெருவுலயும் இருக்காங்க, சிரிக்காதீங்க.)

அதுல ராஃபிள்ஸ்னு ஒரு குடிகாரன் சாகுற இடம் இருக்கு, அதுக்காகவே படிக்கலாம். குடிச்சுக் குடிச்சு கை கால் நடுக்கம், பிதற்றல். ஊர் வழக்கம் என்னன்னா பிராந்தியும் ஓபியமும் தாராளமா ஊத்துறது. லிட்கேட் புது முறைல, சொட்டு சாராயம் கூடாது, ஓபியம் இவ்வளவுதான், இந்த நேரத்துல நிறுத்திடணும்னு பேங்கர் புல்ஸ்ட்ரோடுகிட்ட சொல்லிட்டுப் போறார். புல்ஸ்ட்ரோடுக்கோ அந்த ஆள் செத்தா ஒரு பழைய ரகசியம் செத்துடும். அவர் விஷம் ஒண்ணும் வைக்கல. எப்ப நிறுத்தணும்கறத மட்டும் வேலைக்காரம்மாகிட்ட சொல்ல மறந்துடறார், சொல்லாம விட்டது ஞாபகம் வந்த பிறகும் எந்திரிச்சுப் போகல. ராத்திரி அந்தம்மா கதவத் தட்டி, பாவம் மூச்சு இழுக்குது, கொஞ்சம் பிராந்தி குடுக்கட்டுமான்னு கேக்குது. ரொம்ப நேரம் சத்தமே இல்ல. அப்புறம் கதவு ஒரு இன்ச் திறக்குது, அந்த இடுக்கு வழியா ஒரு சாவி மட்டும் வெளிய வருது, ஒயின் வச்சிருக்கிற பெட்டியோட சாவி.

லிட்கேட் அதுக்கு மொத நாள்தான் அவர்கிட்ட 1,000 பவுண்டு கடன் வாங்கியிருப்பார். சாவு நடந்த வீட்ல எதையோ மோப்பம் புடிச்சும் ஏன் வாயத் திறக்கலங்கறத, ஹவுஸ் சர்ஜன்சிக்குப் போறதுக்கு முன்ன படிச்சுடுங்க.

கேள்வி: 'மிஸஸ் டாலவே' படிச்சேன், செப்டிமஸ் பகுதில தாங்க முடியாம மூடி வச்சிட்டேன். இதுக்கு நேர் எதிரா நல்ல மனநல டாக்டர் யாராச்சும் நாவல்ல உண்டா?

மூடி வச்சதுல தப்பில்ல. 1925ல வந்த புக்கு அது. செப்டிமஸ் யுத்தத்துலருந்து திரும்பின பையன், செத்துப்போன சிநேகிதன் பார்க்ல மரத்துக்குப் பின்னாடி நிக்கிறது தெரியுது அவனுக்கு. ஒரு டாக்டர் உனக்கு ஒண்ணுமே இல்லங்கறார், இன்னொருத்தர், சர் வில்லியம் பிராட்ஷா, முக்கால் மணி நேரம்தான் ஒரு பேஷண்டுக்கு, ஓய்வு, பால், தனிமைனு எழுதி பொண்டாட்டிகிட்டருந்தே பிரிக்கப் பாக்குறார். இத எழுதின வர்ஜீனியா வுல்ஃபுக்கு இதே ஓய்வு வைத்தியத்த பல தடவ பண்ணிருக்காங்க, அந்தக் கோபம் வரிக்கு வரி தெரியும்.

நீங்க கேட்ட நல்ல டாக்டர் பேட் பார்க்கரோட 'ரீஜெனரேஷன்'ல (1991) இருக்கார், நெஜ மனுஷன், டபிள்யூ. எச். ஆர். ரிவர்ஸ். 1917ல எடின்பரோ பக்கத்துல கிரெய்க்லாக்கார்ட் மிலிட்டரி ஆஸ்பத்திரில கவிஞர் சசூனுக்கு வைத்தியம் பாத்தவர். மறக்காத, பேசு, பயந்தா அவமானம் இல்லம்பார், அதே சமயம் லண்டன்ல யீலண்ட்னு ஒருத்தர் பேச்சு நின்னுபோன சிப்பாய்க்குத் தொண்டைல கரண்ட் ஷாக் வச்சிட்டு இருந்தார். ரிவர்ஸுக்கே திக்குவாய் இருந்துச்சு. பார்க்கர் அவர மகானாவும் ஆக்கல, இவர் மனசு வச்சு குணமாக்குனா அந்தப் பையன் திரும்ப ஃப்ரெஞ்ச் ட்ரெஞ்சுக்குத்தான் போவான், அது அவருக்கே தெரியும்.

நம்ம ஊர்க்காரங்களுக்கு ஒரு கூடுதல் சேதி, இதே ரிவர்ஸ் 1901-02ல நீலகிரில தங்கி தோடர்களப் பத்தி ஆராய்ச்சி பண்ணி 1906ல பெரிய புத்தகமே போட்டவர். ஊட்டி குளிர்ல தோடர் மந்துல, அதாவது அவங்க குடியிருப்புல, உக்காந்து யாருக்கு யாரு மாமன், யாரு மச்சான்னு நோட்டுல எழுதிட்டு இருந்த அதே ஆளு.

கேள்வி: எனக்கே கொஞ்ச மாசமா மனசு சரியில்ல அக்கா. சில்வியா பிளாத்தோட 'பெல் ஜார்' படிச்சா ஆறுதலா இருக்கும்னு ஃப்ரெண்டு சொன்னா.

இப்ப வேண்டாம்மா. நல்ல புக்கு, எங்கயும் ஓடிடாது, நீ தேறின பிறகு படிக்கலாம். முதல்ல ஒரு டாக்டர பாரு, நேர்ல போக தயக்கமா இருந்தா 14416க்கு போன் பண்ணு, டெலி மானஸ், கவர்மெண்ட் நம்பர்தான், காசு கிடையாது, தமிழ்ல பேசலாம். பண்ணிட்டு எனக்கு ஒரு வரி போடு.

கேள்வி: என் இங்கிலீஷ் சுமார்தான். ஒரே உக்கார்ல முடியுற மாதிரி ஒண்ணு சொல்லுங்க.

'தி டையிங் டிடெக்டிவ்', ஹோம்ஸ் கதை, 1913. குட்டன்பர்க் சைட்ல சும்மாவே கெடைக்கும், அரை மணி நேரம்தான் ஆகும். ஹோம்ஸ் சாகக் கெடக்குறார்னு வீட்டுக்கார அம்மா ஓடி வந்து சொல்ல, வாட்சன் பதறிப் போனா, கிட்ட வராத, ஒட்டிக்கும்னு கத்துறார். டாக்டர கூட்டிட்டு வரேன்னு வாட்சன் திரும்புறப்ப, சாகக் கெடக்குற மனுஷன் படுக்கைலருந்து புலி மாதிரி பாஞ்சு வந்து கதவப் பூட்டி சாவிய எடுத்து வச்சுக்குவார். எல்லாம் வேஷம். நெத்தியில வாசலின், கண்ணுல பெல்லடோனா, கன்ன எலும்புல சிவப்பு, உதட்டுல தேன்மெழுகு, மூணு நாள் பச்சத் தண்ணி கூட இல்ல. கிட்ட விட்டிருந்தா ஜுரமும் இல்ல பல்ஸும் ஏறலன்னு நீ கண்டுபிடிச்சிருப்பியேன்னு கடைசில சமாதானம் சொல்வார். நாலு கஜ தூரத்துல நிக்க வச்சதாலதான் வாட்சன் ஏமாந்தாராம். இதச் சொன்னா எங்கம்மா ஒத்துக்கவே மாட்டாங்க, வாசல்லருந்து பாத்தாலே தெரியும்பாங்க.