மெய்கோ காஜிக்கு யார் கடன்பட்டவர்?

கேள்வி: ஹாலிவுட் இயக்குநர் டாரன்டினோவின் ‘கில் பில்’ பார்த்த பிறகு, அதற்கு முன்னோடி என்று சொல்கிறார்களே என்று ‘லேடி ஸ்னோப்ளட்’ என்ற பழைய ஜப்பானியப் படத்தையும் தேடிப் பார்த்தேன். நாயகி மெய்கோ காஜி படம் முழுக்க ஒரே மாதிரி முறைத்துக்கொண்டே இருக்கிறார். டாரன்டினோ தூக்கிவிட்டிருக்காவிட்டால் இவரை இன்று யாருக்குத் தெரிந்திருக்கும்?

பதில்: ஜப்பானில் அத்தனை பேருக்கும் தெரிந்திருக்கும். ‘கில் பில்’ முதல் பாகம் வந்த 2003இல், காஜி நடிக்க வந்து 38 ஆண்டுகள் ஆகியிருந்தன. டாரன்டினோ அவருக்கு வெளிநாட்டில் புதிய ரசிகர்களைத் தேடிக் கொடுத்தார், உண்மைதான். ஆனால் முதலில் எடுத்துக்கொண்டவர் டாரன்டினோ. பனித் தோட்டத்தில் லூசி லியூ சாயும்போது ஒலிக்கிறதே ஒரு பாட்டு, அது 1973இல் காஜி ‘லேடி ஸ்னோப்ளட்’ படத்துக்காகத் தானே பாடியது. படம் முடிந்து பெயர்கள் ஓடும்போது கேட்பதும் அவர் குரல்தான். இதில் யார் யாரைத் தூக்கிவிட்டது?

அந்த முறைப்புக்கு வருகிறேன். அது எங்கிருந்து வந்தது என்று தெரிந்தால் நீங்கள் இப்படிக் கேட்டிருக்க மாட்டீர்கள்.

காஜி 1965இல் நிக்காட்சு ஸ்டுடியோவில் மசாகோ ஓட்டா என்ற சொந்தப் பெயரில் அறிமுகமானவர். 1969இல் மசாஹிரோ மக்கினோ என்ற மூத்த இயக்குநர்தான் ‘மெய்கோ காஜி’ ஆக்கினார். மறு ஆண்டே தெருவோ இஷியின் படத்தில், முதுகில் டிராகன் பச்சை குத்திய கும்பல் தலைவியாக வாளெடுத்தார். சரி, இனி ஏறுமுகம்தான் என்ற நேரத்தில், 1971இல் நிக்காட்சு நஷ்டம் தாங்காமல் பாலுறவுப் படங்களுக்கு மாறியது. காஜி வெளியேறினார். வளர்த்த ஸ்டுடியோவை விட்டு 24 வயது நடிகை கிளம்புவது அன்றைய ஜப்பானில் சின்ன விஷயம் இல்லை. தொழிலே சரிந்துகொண்டிருந்தது, அதே ஆண்டு இறுதியில் டாய்யே என்ற இன்னொரு பெரிய ஸ்டுடியோ திவாலானது.

போய்ச் சேர்ந்த தோயே ஸ்டுடியோவில் அப்போது ஒரு நாற்காலி காலியாகிக்கொண்டிருந்தது. 1968 முதல் சிவப்புப் பியோனி மலரைத் தோளில் பச்சை குத்திய சூதாட்டக்காரி ஒர்யூவாக எட்டுப் படங்களில் வாள் சுழற்றிய ஜுன்கோ ஃபுஜி, 1972இல் கபுகி என்ற மரபு நாடகக் கலையின் நடிகர் ஒருவரை மணந்துகொண்டு விலகினார். (ஃபுஜியை அறிமுகப்படுத்தியவரும் அதே மக்கினோதான். அந்தக் கிழவரின் கண்ணுக்கு ஒரு வணக்கம்.) ஆக, ஜப்பானியத் திரையில் பெண் வாளெடுப்பது ஹாலிவுட் போட்ட பிச்சை என்று நினைக்க இடமே இல்லை.

தோயே கொடுத்த வேடம் ‘ஸ்கார்ப்பியன்’ வரிசையின் சிறைக் கைதி. அது வாள் சுழலும் சரித்திரப் படம் இல்லை, ஆனாலும் அந்த முறைப்பு புரிய இங்கே சொல்லியாக வேண்டும். மூலமான சித்திரக்கதையில் அந்தப் பெண் வாயைத் திறந்தால் வசைதான். அந்த வசனங்களைப் பேச மாட்டேன் என்று காஜி நிபந்தனை போட்டார். இயக்குநர் ஷுன்யா இத்தோவுக்கு அது முதல் படம், ஒப்புக்கொண்டார். வசனம் போனது, கண் மட்டும் மிஞ்சியது. நீங்கள் முறைப்பு என்று தள்ளிவிட்டது ஒரு நடிகை சண்டை போட்டு வாங்கிய உரிமை.

அடுத்த ஆண்டு ‘லேடி ஸ்னோப்ளட்’. நிக்காட்சுவில் அவரை இயக்கிய தோஷியா ஃபுஜிதாவே இயக்குநர். பத்தொன்பதாம் நூற்றாண்டின் இறுதியில், மெய்ஜி காலத்தில் நடக்கும் கதை. நாயகி யூக்கி எதற்காகப் பிறந்தாள் என்று யோசியுங்கள். தனக்கு நடந்த கொடுமைக்குப் பழி தீர்க்க ஒரு பிள்ளை வேண்டும் என்றே தாய் சிறையில் அவளைப் பெற்றெடுக்கிறாள், பெற்றதும் சாகிறாள். யூக்கியின் கோபம் அவளுடையதே இல்லை, அடுத்தவர் கட்டிவிட்ட சுமை. அப்படிப்பட்டவள் பல்லைக் கடித்து ஆவேசப்பட்டால் பாத்திரமே உடைந்துவிடும். காஜிக்கு அது புரிந்திருந்தது. கடற்கரையில், தாய்க்குக் கொடுமை செய்தவர்களில் ஒருவனான பான்ஸோ உயிர்ப்பிச்சை கேட்கும் காட்சியை இன்னொரு முறை பாருங்கள். குடித்துக் குடித்து ஒன்றுமில்லாமல் போன கிழவன், மகள் உழைப்பில் பிழைப்பவன். அவனை வெட்டும் கண்ணில் வெற்றி இல்லை. அந்த மகளே கடைசியில் பனியில் வந்து யூக்கியைக் குத்தும்போது, கண்ணில் தெரிவது வேறு.

உடம்பையும் கவனியுங்கள். ஆண் சாமுராய்க்கு ஹகாமா என்ற அகன்ற கீழாடை உண்டு, காலை அகட்டி நிற்கலாம், பாயலாம். இறுக்கிக் கட்டிய கிமோனோவில் அடி ஒரு சாண் தாண்டாது. குடைக் கைப்பிடிக்குள்ளிருந்து வாளை உருவி, அந்தச் சிறிய அடிகளிலேயே ஒரு கும்பலைச் சாய்க்க வேண்டும். தோள் அலுங்காமல் அதைச் செய்கிறார். சண்டையை நடையிலேயே நடித்துக் காட்டியவர்கள் எந்த நாட்டுத் திரையிலும் அதிகம் இல்லை.

‘ஒரே மாதிரி’ என்ற குற்றச்சாட்டுக்கு 1978ஐப் பதிலாகத் தருகிறேன். யசுஸோ மசுமுரா இயக்கிய ‘சொனேஸாக்கி ஷின்ஜூ’, சிக்காமட்சு 1703இல் எழுதிய நாடகத்தின் திரைவடிவம். காதலனோடு சாகத் துணியும் ஒஹாட்சு என்ற விலைமகளாகக் காஜி. வாளும் இல்லை, மௌனமும் இல்லை, பேச்சு கொட்டுகிறது. அந்த வேடத்துக்குக் கினேமா ஜும்போ என்ற ஜப்பானியத் திரைப்பட இதழ் அவரைச் சிறந்த நடிகையாகத் தேர்ந்தெடுத்தது. அப்புறம் 1989 முதல் 2016 வரை ‘ஒனிஹெய் ஹன்காச்சோ’ தொலைக்காட்சித் தொடர்: சாமுராய் ஆட்சி நடந்த எடோ காலத்துக் காவல் தலைவருக்கு உளவு சொல்லும் ஒமாசா, அவர் மீது வாய்விட்டுச் சொல்லக்கூட உரிமையில்லாத நேசத்தை மனதில் வைத்திருப்பவள். ஜப்பானியக் குடும்பங்கள் காஜியை அறிந்தது பெரும்பாலும் அவளாகத்தான்.

எனவே ‘சொனேஸாக்கி ஷின்ஜூ’ பார்த்துவிட்டு மறுபடி எழுதுங்கள். அதற்குப் பிறகும் ஒரே முகம்தான் என்று தோன்றினால், உங்கள் கடிதத்தை இதே பக்கத்தில் முழுமையாக வெளியிடுகிறேன்.