பினாங்குக் கடலோரம் பார்க்கத் தீவைச் சுற்ற வேண்டாம்

கேள்வி: ஒரு கல்யாணத்துக்காகக் கோலாலம்பூரிலிருந்து பினாங்கு வருகிறோம். கல்யாணம் ஞாயிற்றுக்கிழமை, திங்கட்கிழமை முழுதும் கையில் இருக்கிறது. நான், கணவர், 10 வயதிலும் 6 வயதிலும் இரண்டு பிள்ளைகள், நாத்தனார், 72 வயது மாமியார் என ஆறு பேர். மாமியாருக்கு முழங்கால் வலி. ஓர் ஏஜென்ட் வேனும் வழிகாட்டியும் சேர்த்து ‘தீவைச் சுற்றிக் கடலோரப் பயணம்’ என்று ஆளுக்கு 150 வெள்ளி (ரிங்கிட்) கேட்கிறார். காலை 9 மணி முதல் மாலை 5 மணி வரை எட்டு இடங்கள் காட்டுவாராம். போகலாமா? இல்லை, நாங்களே கார் எடுத்துப் போய்விடலாமா? படகு ஏறுவது பாதுகாப்பா? — செந்தூல் வாசகி ஒருவர்

பதில்: வழிகாட்டி வைத்துக்கொள்ளுங்கள், ஆனால் அந்தச் சுற்றுப் பயணம் வேண்டாம். நீங்கள் பார்க்க ஆசைப்படுவது கடலை என்றால், தீவின் வடக்குக் கரை வழியாகப் போய் அதே வழியில் திரும்பி வாருங்கள். வழிகாட்டி வேலையில் பல வருஷம் இருந்தவன், நானே எத்தனையோ முறை தீவைச் சுற்றிக் காட்டியவன் என்ற முறையில்தான் சொல்கிறேன்.

தீவைச் சுற்றுகிறோம் என்றால் கடலும் கூடவே வரும் என்று நினைப்போம். வரைபடத்தில் ஆறாம் எண் கூட்டரசுச் சாலை தீவை வளையமாகத்தான் சுற்றுகிறது. ஆனால் அது கடலை ஒட்டி ஓடும் தூரம் குறைவு. ஜார்ஜ்டவுனிலிருந்து தஞ்சோங் தோக்கோங், தஞ்சோங் பூங்கா, பத்து ஃபெரிங்கி வழியாகத் தெலுக் பஹாங் வரை ஏறத்தாழ 20 கிலோமீட்டர். கடலோரச் சாலை என்று மனசறிந்து சொல்லக்கூடியது இதுதான். இதிலும் தஞ்சோங் தோக்கோங் பக்கம் கடலைத் தூர்த்து மாடிவீடுகள் கட்டிவிட்டார்கள். தஞ்சோங் பூங்காவில் கடலுக்குள் தூண்களின் மேல் நிற்கும் பள்ளிவாசலைத் தாண்டிய பிறகுதான் வளைவுக்கு வளைவு தண்ணீர் தெரியும்.

தெலுக் பஹாங் வந்ததும் சாலை கடலை விட்டுத் திரும்பி, அணைக்கட்டைக் கடந்து மலை ஏறுகிறது. பழத்தோட்டம், தித்தி கெராவாங் அருவி, பிறகு பாலிக் புலாவ் சமவெளி. அழகான இடங்கள்தான், குறை சொல்லவில்லை. ஆனால் மேற்குக் கரையின் பெரும்பகுதிக்குக் கடலோரச் சாலையே கிடையாது. தீவின் வடமேற்கு மூலையான முக்கா ஹெட் முனையிலிருந்து தெற்கே உள்ள கடற்கரைகளைப் படகில் போய்ப் பார்க்க வேண்டும், அல்லது காட்டுக்குள் நடக்க வேண்டும். வேனில் உட்கார்ந்திருப்பவருக்கு அங்கே தெரிவது ஜாதிக்காய் மரமும் டுரியான் மரமும். தெற்கே தெலுக் கும்பாரில் கடல் மறுபடி எட்டிப் பார்க்கும். அதற்குப் பிறகு பாயான் லெப்பாஸ் தொழிற்சாலைகள், நெரிசல், ஊர்.

ஏஜென்ட் சொன்ன நேரத்தையும் கொஞ்சம் கூட்டிப் பாருங்கள். மொத்தம் எட்டு மணி நேரம். மலை வளைவும் ஊர் நெரிசலும் சேர்ந்து ஓட்டத்துக்கே மூன்று மணி நேரம் போய்விடும், சாப்பாட்டுக்கு ஒன்று. மிச்சம் நான்கு மணி நேரத்தை எட்டு இடங்களுக்குப் பங்கிட்டால் இடத்துக்கு அரை மணி. உங்கள் மாமியார் வேனிலிருந்து இறங்கி, மறுபடி ஏறி உட்காரவே பத்து நிமிடம் ஆகும். அந்த எட்டில் எத்தனை இடங்கள் கடைகள் என்றும் கேளுங்கள். பாத்தேக் துணி, சாக்லேட், தைலம் என்று வரிசையாக வரும். கடைக்காரர் தரும் கமிஷனில் நானும் டீ குடித்திருக்கிறேன், அதனால் அந்தக் கணக்கு எனக்கு நன்றாகத் தெரியும்.

இதைவிடப் பெரிய குறை, அந்த 9 மணி, 5 மணி என்பதுதான். கடல் அமைதியாக இருப்பது பெரும்பாலும் காலையில். அஸ்தமனமோ பினாங்கில் மாதத்தைப் பொறுத்து ஏழு மணிக்கும் ஏழே முக்காலுக்கும் நடுவில். காலைக் கடல் முடிந்த பிறகு கிளம்பி, மாலைக் கடல் தொடங்கும் முன்னே வீடு திரும்பும் பயணத்துக்குக் கடலோரப் பயணம் என்று பெயர்!

சரி, எப்படிப் போவது? ஏழேகாலுக்கெல்லாம் கிளம்பிவிடுங்கள். பசியாறலைக் கையில் எடுத்துக்கொள்ளலாம். எட்டு மணிக்குத் தெலுக் பஹாங்கில் இருந்தால் போதும். பினாங்கு தேசியப் பூங்காவின் நுழைவாயில் அங்கேதான். 2003இல் தேசியப் பூங்காவாக அறிவிக்கப்பட்ட இடம், நாட்டிலேயே மிகச் சிறியவற்றில் ஒன்று. பெயரைப் பதிந்துவிட்டுத்தான் உள்ளே விடுவார்கள். மலேசியருக்கும் வெளிநாட்டவருக்கும் கட்டணம் வேறு வேறு என்பதால் எல்லாரும் மைகார்டு என்னும் அடையாள அட்டையைக் கொண்டுவர வேண்டும், பிள்ளைகளின் மைகிட்டையும் மறக்காதீர்கள்.

வண்டி போகும்போது கடல் வலது பக்கம் இருக்கும், நடுவில் எதிர்வண்டிகளின் தடம். திரும்பி வரும்போது கடல் இடது பக்கம், உங்கள் தடத்தை ஒட்டியே வரும். நினைத்த இடத்தில் சாலையைக் கடக்காமல் இறங்கலாம், வெயிலும் முதுகுப் பக்கம் போய்விடும். அதனால் போகும்போது நிறுத்தச் சொல்லாதீர்கள். படம் பிடிப்பதையெல்லாம் திரும்பும் வழிக்கு வைத்துக்கொள்ளுங்கள். மாமியாருக்கு இடது சன்னலோர இருக்கையைக் கொடுங்கள். வளைவுகளில் வயிற்றைப் புரட்டும் பிள்ளையை முன்னால் உட்கார வைத்துக் கைப்பேசியை வாங்கிவிடுங்கள்.

இனி படகு. தெலுக் பஹாங்கிலிருந்து குரங்குக் கடற்கரைக்குப் பத்து நிமிடம், பந்தாய் கெராச்சுட்டுக்குக் கால்மணி, இருபது நிமிடம். நடந்தால் கெராச்சுட்டுக்கு ஒன்றரை மணி நேரம், ஏற்ற இறக்கமான காட்டுப் பாதை. உங்கள் குடும்பத்துக்கு அது சரிப்படாது. படகுக் கூலி பெரும்பாலும் படகுக்குத்தான், தலைக்கு அல்ல. ஏஜென்ட் ஆளுக்கு இவ்வளவு என்று அதற்குத் தனியாகக் கேட்டால் பேரம் பேசுங்கள்.

பாதுகாப்பா என்று கேட்டீர்கள். மூன்று விஷயம் சரியாக இருந்தால் பயப்பட ஒன்றும் இல்லை. உயிர்காப்பு மேலங்கி ஆளுக்கு ஒன்று, ஆறு வயதுப் பிள்ளைக்கு அதன் அளவில். பெரியவர் மேலங்கியைக் குழந்தைக்கு மாட்டினால் தண்ணீரில் அங்கி மேலே வரும், குழந்தை கீழே நழுவும். ஆகவே குழந்தை அளவு இருக்கிறதா என்று முதல் நாளே கேட்டுவிடுங்கள். இரண்டாவது, வானம். விடியற்காலையில் சுமத்ரா பக்கமிருந்து கறுத்துக்கொண்டு வரும் புயல்காற்றும் மழையும் ஒரு மணி நேரம் அடித்துவிட்டு ஓய்வது உண்டு. படகோட்டி வேண்டாம் என்றால் வேண்டாம்தான், கொடுத்த முன்பணத்தை நினைத்து அவரோடு வாதாடாதீர்கள். செப்டம்பர், அக்டோபரில் வருகிறீர்கள் என்றால் மழைக்கு ஒரு மாற்றுத் திட்டம் கட்டாயம் வேண்டும்.

மூன்றாவது, கடல் ஏற்றமும் வற்றலும். இதை யாரும் யோசிப்பதில்லை, ஒருமுறை நானும் யோசிக்கவில்லை. வயதானவர்கள் எட்டுப் பேரைக் குரங்குக் கடற்கரைக்கு அழைத்துப் போயிருந்தேன். அங்கே படகு மணலில் மூக்கை வைத்து நிற்கும், நாம் தண்ணீரில் கால் வைத்துத்தான் இறங்க வேண்டும். நீர் நன்றாக வற்றியிருந்த நேரம். படகு கரைக்கு வரமுடியாமல் தூரத்திலேயே தரை தட்டிவிட்டது. ஒரு பாட்டி சேலையைத் தொடைவரை தூக்கிப் பிடித்துக்கொண்டு, என் தோளைப் பற்றியபடி கரை வரை நடந்தார். வழி நெடுக என்னைத் திட்டினார். திட்டியது நியாயம்தான்.

அதற்குப் பிறகு நான் முதலில் புரட்டுவது பஞ்சாங்கத்தை. அமாவாசை, பௌர்ணமியை ஒட்டிய நாள்களில் நீர் அதிகம் ஏறும், அதிகம் வற்றும். அஷ்டமியை ஒட்டி வித்தியாசம் குறைவு. நல்ல காரியத்துக்கு ஆகாத அஷ்டமிதான் படகேற நல்ல நாள்! நீங்கள் வரும் திங்கட்கிழமை என்ன திதி என்று மாமியாரிடமே கேளுங்கள். மணிக்கணக்குக்கு அன்றைய கடல் ஏற்றவற்றல் அட்டவணையைப் பார்த்து, நீர் ஏறிக்கொண்டிருக்கும் நேரத்தில் படகை வைத்துக்கொள்ளச் சொல்லுங்கள்.

முழங்கால் வலிக்காரர் இறங்கவே வேண்டாம் என்பது என் எண்ணம். கடல் சாந்தமாக இருந்தால் முக்கா ஹெட் முனை வரை படகிலேயே உட்கார்ந்து வரட்டும். மேலே 242 மீட்டர் உயரத்தில் 1883இல் கட்டிய கலங்கரை விளக்கம் இருக்கிறது. போகிற வழியில் மலேசிய அறிவியல் பல்கலைக்கழகத்தின் கடல் ஆய்வு நிலையமும் படகிலிருந்தே தெரியும். அலை சற்று இருந்தாலும் அவரும் நாத்தனாரும் தெலுக் பஹாங்கில் இருந்துகொள்வது நல்லது. அங்கே அவருக்குப் பொழுது போகாது என்று நினைக்க வேண்டாம். சிங்கமுகக் காளியம்மன் கோயில் இருக்கிறது. மாசி மகத்துக்கு அம்மன் தெப்பத்தில் கடலில் உலா வரும் கோயில். அந்த நாளில் மட்டும் வந்துவிடாதீர்கள், அல்லது அதற்கென்றே வாருங்கள். சாலை முழுக்க ஜனம்.

நீங்களும் பிள்ளைகளும் கெராச்சுட் போங்கள். அங்கே படகுத்துறை உண்டு. ஆமை முட்டைகளைப் பாதுகாக்கும் நிலையமும் இருக்கிறது. பச்சை ஆமை வருஷத்தின் நடுப்பகுதியில் கரையேறி முட்டையிடும், சித்தாமை அதற்கு அப்புறம். மேலே நன்னீர், அடியில் உப்புநீர் எனக் கலக்காமல் இரண்டு அடுக்காக நிற்கும் ஓர் ஏரியும் உண்டு, வறட்சியான நாள்களில் வெறும் சேறாகத் தெரிந்தால் ஏமாற வேண்டாம். கெராச்சுட்டில் குளிக்கக் கூடாது, நீரோட்டம் இழுக்கும். வடக்குக் கரையிலும் சொறிமுட்டை என்னும் ஜெல்லி மீன் உண்டு, அதிலும் பெட்டிச் சொறி பொல்லாதது. ஒரு சின்ன போத்தல் வினிகர் பையில் இருக்கட்டும். பட்டால் மணலைத் தேய்க்காமல், குழாய்த் தண்ணீர் ஊற்றாமல், வினிகரைத் தாராளமாக ஊற்றிவிட்டு நேரே மருத்துவமனைக்குப் போங்கள். சாப்பாட்டைப் பிளாஸ்டிக் பையில் தொங்கவிட்டு நடக்காதீர்கள். பை தெரிந்தால் குரங்கு வந்து பிடுங்கும், ஜிப் வைத்த முதுகுப் பைக்குள் இருந்தால் பிழைத்தது. தெலுக் பஹாங்கில் சைவச் சாப்பாடு சுலபமாகக் கிடைக்காது என்பதால் மாமியாருக்குப் புளிச்சோறு கட்டிக்கொள்வது உத்தமம்.

பதினொன்றுக்குள் கரை திரும்பிவிடுவீர்கள். வெயில் உச்சியில் இருக்கும்போது கடற்கரையில் வேலையில்லை. பக்கத்திலேயே என்டோபியா என்னும் பட்டாம்பூச்சிப் பண்ணை இருக்கிறது. 1986இல் தொடங்கியது, உள்ளே கொஞ்சம் புழுக்கம், ஆனால் பிள்ளைகள் வெளியே வரமாட்டார்கள். நறுமணப் பயிர்த் தோட்டம் எனக்குப் பிடித்த இடம், ஆனால் மலைச்சரிவு, படிகள். மாமியாரோடு வேண்டாம்.

நாலரைக்குப் பத்து ஃபெரிங்கி. பத்து என்றால் மலாயில் கல். ஃபெரிங்கி வேறொன்றுமில்லை, நம்முடைய பறங்கிதான். பறங்கிக் கல்லில் பாய் விரித்து உட்கார்ந்துவிடுங்கள். ஜூன், ஜூலையில் சூரியன் வடமேற்கே சாய்ந்து கடலில் இறங்கும். டிசம்பரில் மலைக்குப் பின்னால் ஒளிந்துகொள்ளும், வானத்தின் சிவப்பு மட்டும் கிடைக்கும். டிசம்பர் என்றால் ஆறு மணிக்கே கிளம்பி, இடது சன்னல் வழியே வெளிச்சம் இருக்கும்போதே கரையைப் பார்த்துக்கொண்டு வாருங்கள்.

கார் எடுப்பதா என்பதற்கு வருகிறேன். ஓட்டுகிறவருக்குக் கடல் கிடையாது, அந்த வளைவுகளில் கண் சாலையில்தான் இருக்க வேண்டும். ஆறு பேர், கூடவே சாமான் என்றால் ஒரு காரில் நெருக்கம். கணவனும் மனைவியுமாக இரண்டே பேர் என்றால் ஜார்ஜ்டவுன் படகுத்துறையிலிருந்து (ஜெட்டி) தெலுக் பஹாங் போகும் 101ஆம் எண் பஸ்ஸே போதும் என்பேன். உங்களுக்கு வேன் தேவை. ஆளுக்கு 150 என்றால் 900 வெள்ளி. அதற்குப் பதிலாக, வேனும் வழிகாட்டியும் முழு நாளுக்கு மொத்தமாக எவ்வளவு என்று இரண்டு மூன்று பேரிடம் கேளுங்கள். உங்கள் நேரம், உங்கள் வழி, கடை கிடையாது என்றும் முதலிலேயே சொல்லிவிடுங்கள்.

1992ஆம் ஆண்டு சுற்றுலாத் தொழில் சட்டப்படி வழிகாட்டிக்கு உரிமம் வேண்டும். சுற்றுலா அமைச்சு கொடுத்த அட்டை கழுத்தில் தொங்க வேண்டும். நிறுவனத்துக்கு ‘கேபிகே/எல்என்’ என்று தொடங்கும் உரிம எண் இருக்கும், ரசீதில் அது இருக்கிறதா பாருங்கள். வேனுக்கும் பயணிகளை ஏற்றும் உரிமம் இருக்க வேண்டும். இல்லாத வேன் மோதினால் காப்புறுதி கிடைப்பது சந்தேகம். இதையெல்லாம் கேட்டால் ஏஜென்ட் கோபித்துக்கொள்வாரோ என்று தயங்க வேண்டாம், உரிமம் உள்ளவர் உடனே எடுத்துக் காட்டுவார்.

ஆளைத் தேர்ந்தெடுக்க நான் ஒரு கேள்வி கேட்பேன். “கடல் திடீரென்று உள்வாங்கினால் எங்களை எந்தப் பக்கம் கூட்டிப் போவீர்கள்?” 2004 டிசம்பர் 26 சுனாமியில் பினாங்கில் மட்டும் 52 பேர் இறந்தார்கள், பாலிக் புலாவ் பக்கம் பாசிர் பஞ்சாங் கடற்கரையில் உல்லாசமாக வந்திருந்த குடும்பங்களும் அதில் உண்டு. மேட்டுக்கு ஏறும் வழியை யோசிக்காமல் சொல்லும் வழிகாட்டியைப் பிடித்துக்கொள்ளுங்கள். சிரித்து மழுப்புகிறவரிடம் நன்றி சொல்லி அடுத்தவருக்குப் போன் போடுங்கள்.