எழுபது பைசா வட்டி, இருபது வருடம்

கேள்வி: நானும் கணவரும் பாளையங்கோட்டை தியாகராஜ நகரில் 9,000 ரூபாய் வாடகை வீட்டில் இருக்கிறோம். அவருக்கு கங்கைகொண்டான் சிப்காட்டில் வேலை, வயது 34. நான் தனியார் பள்ளி ஆசிரியை. இரண்டு சம்பளமும் சேர்த்துக் கைக்கு வருவது 68,000. மாமனார் எப்போதோ வி.எம்.சத்திரம் பக்கம் வாங்கிப் போட்ட 5 சென்ட் மனையில் வீடு கட்டப் போகிறோம். 40 லட்சம் ஆகும் என்கிறார் இன்ஜினீயர். கையில் 10 லட்சம் இருக்கிறது, மீதி 30 லட்சம் வங்கிக் கடன். வட்டி எட்டரை சதவீதம். 20 வருடம் என்றால் மாதத் தவணை 26,035 ரூபாய், 30 வருடம் என்றால் 23,067. மாதம் மூவாயிரம் மிச்சம் என்று கணவர் 30 வருடம் போடச் சொல்கிறார். மாமாவுக்கு வீரவநல்லூரில் வயல் இருக்கிறது. பிசான நெல் அறுப்பு முடிந்ததும் வருடா வருடம் எங்களுக்கு 50,000 தருவார். அவரும், "எழுபது பைசா வட்டிக்கு எவன் குடுப்பான்? நீளமாவே போட்டுக்கோங்க" என்கிறார். எனக்குத்தான் பயமாக இருக்கிறது. என் பயம் சரிதானா?
– பெயர் வேண்டாம், பாளையங்கோட்டை

பதில்: சரிதான் தங்கச்சி. ஆனால் பயப்பட வேண்டிய இடம் கடன் இல்லை, அந்த 30 என்ற எண்.

முதலில் மாமாவின் எழுபது பைசாவுக்கு வருகிறேன். நம் பக்கம் யாரும் வட்டியைச் சதவீதத்தில் பேசுவதில்லை. நூறு ரூபாய்க்கு மாதம் எவ்வளவு என்பதுதான் பேச்சு. ஒரு வட்டி, ரெண்டு வட்டி, அவசரம் என்றால் மூணு வட்டி. அந்தக் கணக்கில் வருடத்துக்கு எட்டரை சதவீதம் என்பது நூற்றுக்கு மாதம் 71 பைசா. மாமா சொன்னது சுத்தமான கணக்கு. ரெண்டு வட்டிக்கு வாங்கிப் பயிர் வைத்த மனிதருக்கு எழுபது பைசா இனாம் மாதிரித்தான் தெரியும்.

அவர் விட்டது காலத்தை. ரெண்டு வட்டிக்கு ஒரு லட்சம் வாங்கி, பிசானம் அறுத்ததும் ஆறாம் மாதம் அடைத்திருப்பார். வட்டி 12,000 ரூபாய். நீங்கள் எழுபது பைசா வட்டிக்கு வாங்கும் ஒவ்வொரு லட்சத்துக்கும் 20 வருடத்தில் கட்டப்போகும் வட்டி 1,08,000 ரூபாய். 30 வருடம் என்றால் 1,76,000-க்கும் மேல். விலை குறைந்த பொருளை அளவுக்கு மேல் வாங்குகிற கதைதான் இது. இங்கே வாங்குகிற பொருள் வருடம்.

உங்கள் 30 லட்சத்துக்கு இதை விரித்தால், 20 வருடத்தில் மொத்தம் கட்டுவது ஏறத்தாழ 62 லட்சத்து 48 ஆயிரம். வட்டி மட்டும் 32 லட்சத்து 48 ஆயிரம். 30 வருடத்தில் மொத்தம் 83 லட்சம், வட்டி 53 லட்சம். மாதம் 2,968 ரூபாய் மிச்சம் பிடிப்பதற்குக் கூடுதலாக 20 லட்சத்துக்கு மேல் வட்டி. உங்கள் அத்தானிடம் இந்த ஒரு வரியைக் காட்டினாலே போதும் என்று நினைக்கிறேன். போதாவிட்டால் அடுத்ததையும் காட்டுங்கள்.

முதல் மாதத் தவணையைப் பிரித்துப் பாருங்கள். 30 லட்சத்துக்கு ஒரு மாத வட்டி 21,250 ரூபாய். இது 20 வருடக் கடனுக்கும் ஒன்றுதான், 30 வருடக் கடனுக்கும் ஒன்றுதான். 26,035 கட்டினால் வட்டி போக 4,785 ரூபாய் அசலில் கழியும். 23,067 கட்டினால் 1,817 ரூபாய்தான் கழியும். அத்தான் மிச்சம் என்று நினைக்கும் மூவாயிரத்தில் ஒரு ரூபாய் கூட வட்டியில் குறையவில்லை. முழுக்க அசலில் இருந்து எடுத்தது. கடன் அடைகிற பணத்தைத்தான் மிச்சம் என்று பையில் போடுகிறார்.

இன்னொன்றும் உண்டு. இது நிலையான வட்டி இல்லை. 2019 அக்டோபரில் இருந்து வங்கிகள் தரும் மாறும் வட்டி வீட்டுக் கடன்கள் வெளி அளவுகோல் ஒன்றோடு இணைக்கப்பட வேண்டும் என்பது விதி. பெரும்பாலும் அது ரெப்போ விகிதம், அதாவது வங்கிகளுக்கு ரிசர்வ் வங்கி கடன் தரும் வட்டி. 2022 மே மாதத் தொடக்கத்தில் ரெப்போ 4 சதவீதம். 2023 பிப்ரவரியில் ஆறரை. பத்தே மாதத்தில் இரண்டரை சதவீத ஏற்றம். 2025-ல் இறங்கி ஜூனில் ஐந்தரைக்கு வந்தது. இறங்கிய நேரத்தில் கடன் வாங்குகிறவர்களுக்கு ஏறுவதைப் பற்றிய நினைப்பே இருக்காது. உங்கள் எட்டரை, ஒன்பதேகாலாக ஏறினால் 30 லட்சத்துக்கு மாத வட்டி 23,125. அதாவது 30 வருடக் கடனின் தவணை அந்த மாத வட்டிக்கே எட்டாது. அசல் குறைவதற்குப் பதில் வளரத் தொடங்கும். அப்படி வளர விடக்கூடாது என்று ரிசர்வ் வங்கி சொல்லியிருக்கிறது. அதனால் தவணையைத்தான் ஏற்றுவார்கள். கடைசியில் மிச்சம் பிடிக்க நினைத்த அந்த மூவாயிரமும் போய்விடும்.

20 வருடக் கடனிலும் இது இல்லாமல் இல்லை. தொடக்கத்திலேயே வட்டி ஒரு சதவீதம் ஏறி, தவணையை மாற்றாமல் விட்டால், 240 மாதம் என்பது 309 மாதம் ஆகிவிடும். பட்டுத்தான் சொல்கிறேன். 2006-ல் 15 வருடக் கடன் வாங்கினேன். ஊர்க்கணக்கெல்லாம் எழுதிப் பிழைக்கிறவன், என் கணக்கை ஆறு வருடம் திறந்து பார்க்கவில்லை. மாதா மாதம் அதே தொகைதானே போகிறது என்ற தைரியம். ஒருநாள் ஸ்டேட்மென்ட் கேட்டு வாங்கினால், 15 வருடம் 19 ஆகியிருந்தது. கடிதம் அனுப்பினோம் என்றார்கள். எந்தக் கடிதமும் வரவில்லை. இப்போது நிலைமை பரவாயில்லை. வட்டி மாறும்போது தவணையை ஏற்றுவதா, காலத்தை நீட்டுவதா, இரண்டும் கலந்தா என்று கடன் வாங்கியவரை வங்கி கேட்க வேண்டும் என 2023 ஆகஸ்டில் ரிசர்வ் வங்கி சுற்றறிக்கை விட்டது. கேட்டால், தாங்க முடிகிற அளவுக்குத் தவணையை ஏற்றச் சொல்லுங்கள். பதில் சொல்லாமல் விடாதீர்கள்.

அப்படியானால் 15 வருடம் போடலாமே என்பீர்கள். தவணை 29,542. வட்டி 23 லட்சத்து 18 ஆயிரமாகக் குறையும். காகிதத்தில் அழகுதான். ஆனால் 68,000-ல் அது நூற்றுக்கு நாற்பத்து மூன்று. உங்களுடையது தனியார் பள்ளி வேலை, அவருடையது கம்பெனி வேலை. பிள்ளை பிறந்து நீங்கள் ஒரு வருடம் வீட்டில் இருந்தால்? தவணை என்பது கட்டாயம். அதை உங்களால் சுருக்க முடியாது. அதனால் நான் 20 வருடத்துக்குத்தான் கையெழுத்துப் போடச் சொல்வேன். அப்புறம் அதை 20 வருடம் ஓட விடக்கூடாது.

அங்கேதான் மாமாவின் பிசானப் பணம் வருகிறது. மாசி, பங்குனியில் அறுப்பு முடிந்து அவர் தரும் 50,000-ஐ வருடா வருடம் அப்படியே கடனில் கட்டுங்கள். மாதத் தவணை அதே 26,035. கடன் 14 வருடம் 7 மாதத்தில் தீர்ந்துவிடும். வட்டியில் ஏறத்தாழ 10 லட்சம் குறைகிறது, அதற்காக நீங்கள் முன்கூட்டிக் கட்டியது மொத்தமே 7 லட்சம். 15 வருடக் கடன் எடுத்தவரை விடச் சற்று முன்னாலேயே முடித்துவிடுகிறீர்கள். தண்ணீர் வராமல் ஒரு வருடம் பிசானம் பொய்த்தால் அந்த வருடம் கட்டாமல் விடலாம், யாரும் கேட்க மாட்டார்கள். 15 வருடக் கடனில் அந்தச் சலுகை கிடையாது.

முன்கூட்டிக் கட்டுவதிலும் முந்துகிறவருக்குத்தான் லாபம். முதல் வருட முடிவில் ஒரு லட்சம் கட்டினால் கடைசியில் 18 மாதத் தவணை காணாமல் போகும். வட்டியில் மிச்சம் 3 லட்சத்து 70 ஆயிரம். அதே லட்சத்தைப் பதினான்கு வருடம் கழித்துக் கட்டினால் மிச்சம் 63,000 மட்டுமே. காரணம், முதல் பத்து வருடத்தில் நீங்கள் 31 லட்சத்துக்கு மேல் கட்டியிருப்பீர்கள், ஆனால் அசல் இன்னும் 21 லட்சம் நின்றிருக்கும். பாதிக் கடனை அடைக்கக் கிட்டத்தட்ட 14 வருடம் ஆகும். "இவ்வளவு வருஷம் கட்டியும் குறையவே இல்லையே" என்று என் வண்ணார்பேட்டை அலுவலகத்தில் வந்து உட்காருகிறவர்கள் எல்லாம் இந்தப் பத்தாவது வருடத்துக்காரர்கள்தான். யாரும் அவர்களை ஏமாற்றவில்லை. வட்டி எப்போதும் மிச்சமிருக்கும் அசலுக்குத்தான். ஆரம்பத்தில் அசல் பெரிதாக இருக்கிறது, அவ்வளவுதான்.

தனிநபர் வாங்கும் மாறும் வட்டி வீட்டுக் கடனை முன்கூட்டி அடைக்க வங்கிகள் அபராதம் வாங்கக்கூடாது என்று 2012-லேயே உத்தரவு உண்டு. கட்டும்போது ஒன்றை மட்டும் எழுதிக் கொடுங்கள்: "தவணையைக் குறைக்க வேண்டாம், காலத்தைக் குறையுங்கள்." வாயால் சொன்னால் போதாது. தவணையைக் குறைத்துவிட்டால் இந்தக் கணக்கெல்லாம் பாதிக்கும் கீழே போய்விடும்.

கட்டுமானக் காலத்துச் செலவை யாரும் கடனோடு சேர்த்துப் பார்ப்பதில்லை. வங்கி 30 லட்சத்தையும் ஒரே நாளில் தராது. பேஸ்மட்டம், லிண்டல், கான்கிரீட், பூச்சு என்று வேலை ஏற ஏறத்தான் தரும். கொடுத்த பணத்துக்கு அன்றிலிருந்து வட்டி ஓடும். 20 லட்சம் வாங்கிய நிலையில் வேலை நின்றால் மாதம் 14,167 வட்டி, கூடவே 9,000 வாடகை. ஒரு மாதத் தாமதத்துக்கு 23,000 ரூபாய். ஐப்பசி, கார்த்திகை மழையில் கொத்தனார் வரமாட்டார். மார்கழியில் பால் காய்ச்ச மாமா சம்மதிக்க மாட்டார். ஆவணியில் குடிபோக வேண்டிய வீடு தைக்குப் போனால் ஒரு லட்சத்துக்கு மேல் போய்விடும். டைல்ஸ் கடையில் சதுர அடிக்கு ஐந்து ரூபாய் பேரம் பேசுகிற நேரத்தில் பாதியையாவது கொத்தனாரிடம் தேதி பேசுவதில் செலவிடுங்கள்.

மற்ற செலவுகள் சில்லறை: பரிசீலனைக் கட்டணம், வக்கீல் பார்வை, எம்.ஓ.டி. பதிவு (பத்திரத்தை வங்கியில் அடமானமாக ஒப்படைத்ததைப் பதிவது). ஒன்றுதான் சில்லறை இல்லை. கடனுக்கு இன்ஷூரன்ஸ் என்று ஒரே தடவை பிரீமியமாக ஒரு தொகையைச் சொல்லி, "கையில இருந்து தர வேண்டாம் மேடம், லோன்லயே சேத்துக்கிடலாம்" என்பார்கள். 80,000 பிரீமியத்தைக் கடனில் சேர்த்தால் 20 வருடத்தில் நீங்கள் கட்டுவது 1,66,000-க்கும் மேல். இன்ஷூரன்ஸ் அவசியம், அதில் சந்தேகமில்லை. கடன் தருகிற இடத்திலேயே எடுக்க வேண்டும் என்ற கட்டாயம் இல்லை. அத்தான் பெயரில் தனியாக ஒரு டேர்ம் பாலிசி எடுத்து வருடா வருடம் கட்டுங்கள்.

வரிச் சலுகை கிடைக்குமே என்று யாராவது சொல்வார்கள். குடியிருக்கும் வீட்டின் கடன் வட்டிக்கு 2 லட்சம் வரை கழிவு என்பது பழைய வரிமுறையில்தான். புதிய முறையில் இருப்பவர்களுக்கு அது கிடையாது. உங்கள் சம்பளத்துக்கு அதை மனதில் வைத்து முடிவு எடுக்க வேண்டியதே இல்லை.

கையெழுத்துக்கு முன்னால் முக்கிய விவர அறிக்கை என்ற தாளைக் கேளுங்கள். 2024 அக்டோபரில் இருந்து புதிதாகக் கடன் வாங்கும் எல்லாத் தனிநபருக்கும் அதைத் தர வேண்டும், உங்களுக்குப் புரியும் மொழியில். எல்லாக் கட்டணமும் சேர்ந்த உண்மையான வருட வட்டியும், மாதவாரியாக அசல் எவ்வளவு, வட்டி எவ்வளவு என்ற பட்டியலும் அதில் இருக்கும். பட்டியலை மாமாவிடம் கொடுத்துவிடுங்கள். முதல் பக்கத்து வட்டிப் பத்தியை அவர் ஒருமுறை விரலால் தடவினால், எழுபது பைசாப் பேச்சு அதோடு நின்றுவிடும்.

கடன் முடிந்த பிறகு அசல் பத்திரங்களை 30 நாளுக்குள் திருப்பித் தர வேண்டும், தவறு அவர்கள் பக்கம் என்றால் தாமதிக்கும் ஒவ்வொரு நாளுக்கும் 5,000 ரூபாய் உங்களுக்குத் தர வேண்டும். எம்.ஓ.டி.யை ரத்து செய்யும் ரசீதையும் மறக்காமல் பதிவு செய்யுங்கள். இல்லாவிட்டால் வில்லங்கச் சான்றில் கடன் அப்படியே நிற்கும். இதெல்லாம் பிற்பாட்டுக் கதை.

நீங்கள் கேட்காத ஒன்று. மனை மாமா வாங்கிப் போட்டது என்கிறீர்கள். பத்திரமும் பட்டாவும் இன்னும் அவர் பெயரில் என்றால், அவரையும் கடனில் கையெழுத்துப் போடச் சொல்வார்கள், அல்லது மகன் பெயருக்கு மாற்றிவிட்டு வரச் சொல்வார்கள். தகப்பன் மகனுக்கு எழுதும் செட்டில்மென்ட் பத்திரத்துக்குக் கிரயத்தை விடச் செலவு மிகக் குறைவு, அதனால் பணத்தைப் பற்றிக் கவலையில்லை. மாமாவிடம் அந்தப் பேச்சை நீங்கள் எடுக்க வேண்டாம். அத்தானே எடுக்கட்டும், அதுவும் அறுப்பு முடிந்து அவர் சந்தோஷமாக இருக்கிற ஒரு நாளில்.