கடலையும் கலையையும் சேர்த்துப் பிடிக்க நினைக்கும் மகளுக்கு எந்த வழி?

அன்புள்ள அம்மா,

"சிலையைக் கடலில் இறக்குவதெல்லாம் ஒரு உத்தியோகமா? யார் சம்பளம் கொடுப்பார்கள்?" என்று கேட்டிருக்கிறீர்கள். நியாயமான கேள்விதான். நாகர்கோவிலில் விலங்கியல் மூன்றாம் வருடம் படிக்கிற பெண், படிப்பை நிறுத்திவிட்டுக் கலைக் கண்காட்சி அமைக்கும் க்யூரேட்டர் ஆகப்போகிறேன், அதுவும் கடல் பாதுகாப்புக்காக என்று சொன்னால் எந்தத் தாய்க்கும் வயிற்றைக் கலக்கத்தான் செய்யும். என் பதிலை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். பட்டப்படிப்பை விடக் கூடாது. ஆசையைத் தடுக்கவும் வேண்டாம். ஆனால் இந்த வேலையை நம்பி நகையை அடகு வைக்காதீர்கள்.

க்யூரேட்டர் சிலை செய்கிறவர் இல்லை. எந்தக் கலைஞரைக் கூப்பிடுவது, எங்கே வைப்பது, பணம் யாரிடம் கேட்பது, யாரிடம் அனுமதி வாங்குவது, பார்க்க வருகிறவருக்கு என்ன சொல்வது என்று அத்தனையும் அவர் தலையில்தான் விழும். கடல் என்று வந்துவிட்டால், அந்தப் படைப்பால் கடலுக்கு என்ன லாபம் என்பதையும் காட்டியாக வேண்டும்.

கடலுக்கடியில் சிலைகள் நிற்கும் வீடியோ ஒன்றைப் பார்த்துத்தான் அவளுக்கு இந்த ஆசை வந்தது என்று எழுதியிருக்கிறீர்கள். அது ஜேசன் டிகேர்ஸ் டெய்லர் என்ற ஆங்கிலேயச் சிற்பியின் வேலையாக இருக்கலாம். 2006இல் கிரெனடா தீவில் தொடங்கியவர், மெக்சிகோவின் கான்கூன் கடலுக்கடியில் இருக்கும் நூற்றுக்கணக்கான சிலைகளில் பெரும்பங்கைச் செய்தவர். அழகு ஒரு பக்கம் இருக்கட்டும், விலங்கியல் மாணவி கவனிக்க வேண்டியது சிமென்ட்டை. சாதாரண சிமென்ட் தண்ணீரில் காரத்தைக் கசியவிடும். அதனால் காரம் குறைத்த கலவையை எடுத்து, பவளக் குஞ்சுகள் ஒட்டிக்கொள்ள ஏதுவாக மேற்பரப்பைச் சொரசொரப்பாக விடுகிறார்கள். ஆஸ்திரேலியாவின் டவுன்ஸ்வில்லில் இவர் செய்த பெண் சிலை ஒன்று கரையோரத் தண்ணீரிலேயே நிற்கிறது. தொலைவில் உள்ள பவளத்திட்டில் நீர் சூடாக ஆக, அதன் விளக்கு நீலத்திலிருந்து சிவப்புக்கு மாறும்.

எனக்குப் பிடித்த கதை வேறு. இத்தாலியில் டலமோனே என்ற ஊரில் பாவ்லோ ஃபன்சியுல்லி என்ற மீனவர், கரையை ஒட்டித் திருட்டுத்தனமாக இழுக்கும் இழுவைமடிகளோடு (கடலடியை வாரிக்கொண்டு போகும் வலைகள்) மல்லுக்கட்டி வந்தார். கராராச் சுரங்கக்காரர்களிடம் பளிங்குக் கற்களைக் கேட்டு வாங்கி, சிற்பிகளைச் செதுக்கவைத்து, கடலடியில் இறக்கினார். மடி கல்லில் மாட்டினால் கிழியும், இழுக்கிறவனுக்கு நஷ்டம். கலை, காவல் இரண்டும் ஒரே கல்லில். விசைப்படகுக்கும் வள்ளத்துக்கும் நடக்கும் சண்டையைப் பார்த்து வளர்ந்த உங்கள் மகளுக்கு இதை விளக்கவே வேண்டாம். மயிலாடிச் சிற்பக் கூடங்களும் நம் மாவட்டத்தில்தானே இருக்கின்றன.

சறுக்கிய கதைகளும் அவளுக்குத் தெரிந்திருக்க வேண்டும். 2018இல் மாலத்தீவில் இதே டெய்லர் அமைத்த மனித உருவங்களை, மதத்துக்கு விரோதமானவை என்று சொல்லி அரசே உடைத்தது. அமெரிக்காவில் ஃபுளோரிடா கரையில் 1970களில் மீன் சேரும் என்று சுமார் இருபது லட்சம் பழைய டயர்களைக் கடலில் போட்டார்கள். கட்டு அறுந்து அவை உருண்டு, பக்கத்தில் இருந்த உண்மையான பவளத்திட்டையே நாசம் செய்தன. நல்ல எண்ணம் மட்டும் போதாது என்பதற்கு இதைவிடப் பெரிய பாடம் வேண்டியதில்லை.

நம் கரைக்கு வருவோம். ஆனி, ஆடியில் மேற்குக் கடல் எப்படி அடிக்கும் என்று உங்களுக்குச் சொல்ல வேண்டியதில்லை. ஆழம் குறைந்த இடத்தில் சிலையை வைத்தால் அது நிற்காது. சின்னமுட்டத்தில் மீன்பிடித் தடைக்காலம் ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை, குளச்சல் பக்கம் ஜூன் 1 முதல் ஜூலை 31 வரை. எந்த மாதம் எந்த ஊரில் கூட்டம் போடலாம் என்பதே இதைப் பொறுத்தது. பங்குப் பேரவை (ஊர்த் தேவாலயத்தின் நிர்வாகக் குழு) சம்மதிக்காமல் ஒரு கல்லும் நகராது. கரையோர ஒழுங்குமுறை விதிகள், மீன்வளத் துறை எல்லாம் அதற்கு மேல். பவளம், கடற்குதிரை, கடல்விசிறி போன்றவை வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டத்தில் வருகின்றன. செத்துக் கரை ஒதுங்கியதுதானே என்று எடுத்துக் கலைப்பொருள் செய்தாலும் வழக்கு வரும்.

சரி, என்ன படிக்கலாம்? பி.எஸ்சி. முடியட்டும். ராஜாக்கமங்கலத்தில் மனோன்மணியம் சுந்தரனார் பல்கலைக்கழகத்தின் கடல் அறிவியல் மையம் இருக்கிறது. செயற்கைப் பார் (மீன் கூடும் கடலடித் திட்டு) அமைத்த அனுபவம் உள்ள மத்திய கடல் மீன்வள ஆராய்ச்சி நிறுவனத்தின் மையம் விழிஞ்ஞத்தில் இருக்கிறது, பஸ் ஏறினால் அன்றே திரும்பி வரலாம். இரண்டு இடத்திலும் போய்ப் பேசட்டும். அப்புறம் முதுகலை. டெல்லி ஜே.என்.யூ.வில் கலை, அழகியல் எம்.ஏ.வுக்கு எந்தப் பட்டம் பெற்றவரும் நுழைவுத் தேர்வு எழுதலாம், கட்டணமும் தனியார் கல்லூரிகள் அளவுக்கு இல்லை. பரோடாவில் அருங்காட்சியகவியல் இருக்கிறது. என்னைக் கேட்டால் தனியார் 'க்யூரேஷன்' டிப்ளமோக்களுக்கு லட்சக்கணக்கில் கொட்ட வேண்டாம். கொச்சி பினாலே கலைக் கண்காட்சியில் ஒரு பருவம் உதவியாளராக நின்றால் அதைவிடக் கூடுதலாகக் கற்கலாம்.

வருமானம்தான் உங்கள் கவலை. ஆரம்ப வருடங்களில் சம்பளம் வேறு வேலையிலிருந்துதான் வரும்: அருங்காட்சியகம், தொண்டு நிறுவனம், கடல் ஆராய்ச்சித் திட்டம், ஆசிரியப் பணி. அரசு அருங்காட்சியகங்களில் காப்பாட்சியர் பணிக்கு டி.என்.பி.எஸ்.சி. வழியாக ஆள் எடுப்பது உண்டு. இடங்கள் சொற்பம், ஆனால் விலங்கியல் பிரிவும் அதில் இருப்பதால் இந்தப் பட்டம் வீணாகாது. சொந்தத் திட்டங்களுக்கு பெங்களூருவின் இந்தியக் கலை அறக்கட்டளை போன்றவை நிதி தருகின்றன. அது வரும்போது வரும். பி.எட். யோசனையையும் கைவிடாதீர்கள், அவள் முகம் சுளித்தாலும்.

மகளே, இது உனக்கு. கடலுக்கடியில் எதையும் வைப்பதற்கு முன் இந்தத் தடைக்காலத்தில் கரையில் ஒரு சின்னக் கண்காட்சி நடத்து. கிழிந்து வீசப்பட்ட வலைகளைச் சேகரி. ஒவ்வொன்றுக்கும் ஒரு அட்டை: தங்கூசியா (ஒற்றை இழை நரம்பு) நைலான் நூலா, கண்ணி எவ்வளவு, எதற்குப் போட்ட வலை, யார் முடைந்தது, எங்கே கிடந்தது. ஊர்ப் பெரியவர்களிடம் பார்களின் பெயர்களைக் கேட்டு எழுது. பார் இருக்கும் இடத்தை மட்டும் கேட்காதே, எழுதாதே. அது அவர்கள் சம்பாதித்து வைத்த சொத்து, வெளியே போனால் அடுத்த ஊர்ப் படகு வந்து நிற்கும். கண்காட்சி முடிந்ததும் அந்த வலைக் குவியல் எங்கே போகும் என்பதை முன்கூட்டியே முடிவு செய். திரும்பக் கரையிலேயே கிடந்தால் ஊரே சிரிக்கும்.

இதற்கான செலவு, அனுமதி, யார் யார் உதவுவார்கள் என்பதை ஒரே பக்கத்தில் எழுதி, முதலில் அப்பாவிடம் காட்டு. அவர் கேட்கும் கேள்விகளுக்கு உன்னிடம் பதில் இருந்தால், அந்தத் தாளை எனக்கு அனுப்பு. எம்.ஏ. விண்ணப்பத்தோடு என்ன சேர்க்கலாம் என்பதை அதை வைத்துப் பேசுவோம்.